பதினாலு கல் மாதையன்

“தாயி, என் கை போயிருச்சா, இல்ல ஆத்துல வேகம் ஏறிருச்சா?”

ஓடக்காரர் மாதையன் கரைக்கு வந்ததும் வராததுமாக இதைத்தான் கேட்டார்.

கரையம்மா குடிசை வாசலில் முறத்தை வைத்துக்கொண்டு கீரை ஆய்ந்துகொண்டிருந்தார். நிமிர்ந்து ஆற்றைப் பார்த்தார்.

“முதல்ல ஓடத்தைக் கட்டிட்டு வாங்கண்ணா. அது பாட்டுக்குப் போகுது.”

மாதையன் ஓடிப்போய் ஓடத்தைப் பிடித்துக் கட்டிவிட்டு வந்தார். வேட்டி தொடை வரைக்கும் நனைந்துவிட்டது.

அவருக்கு ஐம்பத்தெட்டு வயது. கரையம்மாவுக்கு நாற்பதைத் தாண்டி ஒன்றோ இரண்டோ இருக்கும். ஒன்பது வருஷத்துக்கு முன்னால் மாதையனின் ஓடத்தில் ஏறியவர், போகவேண்டிய ஊருக்குப் போகாமல் பாதி வழியில் இறங்கி, அந்த மேட்டிலேயே குடிசை போட்டுக்கொண்டார். கரையம்மா குரு, மாதையன் சீடர். எப்படி அப்படி ஆனது என்று இரண்டு பேருக்குமே சரியாகத் தெரியாது. சவாரி முடிந்ததும் மாதையன் வந்து உட்காருவார். பாதி நாள் இருவரும் பேசிக்கொள்வதுகூட இல்லை.

இன்றைக்குப் பேசவேண்டியிருந்தது.

“இன்னிக்குக் காலையில காலி ஓடத்துல ஏறிப் பார்த்தேன் தாயி. எட்டுக் கல்லுதான்.”

அந்த ஆற்றில் ஓடக்காரனின் பலத்தை அளக்க ஒரு வழி இருந்தது. ஓடத்தின் பின்பக்கம் ஒரு பானைத் தண்ணீர். அதில் ஒரு செம்புக் கிண்ணம் மிதக்கும். கிண்ணத்தின் அடியில் ஊசி நுழையும் அளவுக்கு ஒரு துளை. தண்ணீர் மெல்ல ஏறி, கிண்ணம் நிறைந்து மூழ்கும். கரை நெடுகிலும் ஒரே இடைவெளியில் கற்கள் நட்டிருந்தார்கள். கிண்ணம் மூழ்குவதற்குள் எதிர்நீரில் எத்தனை கல்லைத் தாண்டுகிறானோ, அதுதான் அவனுக்குப் பட்டப்பெயர்.

முப்பது வருஷமாக மாதையனுக்குப் ‘பதினாலு கல்’ என்று பெயர். அவருக்கு முன்னும் பின்னும் யாரும் பதினொன்றைத் தாண்டியதில்லை.

இப்போது எட்டு.

போன மாதம் பாவாயி என்கிற பெண்ணை மேல்துறை மருத்துவச்சியிடம் ஏற்றிக்கொண்டு போனார். போய்ச் சேருவதற்குள் ஓடத்திலேயே பிள்ளை பிறந்துவிட்டது. தாயும் பிள்ளையும் சுகம்தான். ஆனால் மாதையனுக்குத்தான் அன்றையிலிருந்து தூக்கமில்லை. இன்னும் ஒரு நாழி தாமதமாகியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று யோசிப்பார், அதற்குமேல் யோசிக்க முடியாமல் எழுந்து உட்கார்ந்துவிடுவார்.

“கிழவன் கை தளர்ந்துபோச்சு” என்று ஊர் பேசியது. நாலு நாளில் பௌர்ணமி. அன்றைக்குத் துறையில் ஊர் கூடும். மாதையன் துடுப்பைச் சபை நடுவில் வைத்துவிட்டு ஒதுங்கிக்கொள்ள வேண்டும் என்று நாட்டாண்மை சென்னியப்பன் நயமாகவே சொல்லி அனுப்பியிருந்தார். இந்தத் துறையில் அடுத்த ஓடக்காரன் என்று யாரும் இல்லை. மாதையன் ஒதுங்கினால் ஓடமும் ஒதுங்கும். மேல்துறைக்குப் போக மலையைச் சுற்றி அரை நாள் நடக்க வேண்டியதுதான்.

“கை போயிருந்தா வெச்சிடறேன் தாயி. அதுல எனக்கு ஒண்ணும் வீம்பு இல்ல. ஆளைச் சுமக்கற வேலை. ஆனா போகாத கையைப் போச்சுன்னு சொல்லி வெக்க மாட்டேன்.”

கரையம்மா ஒரு கீரைத்தண்டைக் கிள்ளிப் போட்டார்.

“ஏறும்போது எட்டு. இறங்கும்போது?”

“இறங்கும்போது எண்ண மாட்டோம் தாயி. துடுப்பே போட மாட்டோமே.”

உண்மைதான். எதிர்நீரில் ஏறுவதுதான் அவர்களுக்கு வேலை. இறங்கும்போது துடுப்பை எடுத்து மடியில் வைத்துக்கொள்வார்கள், பாறை வந்தால் தள்ளிவிடுவதோடு சரி. ஆறே கூட்டிக்கொண்டு போகும்போது துடுப்புப் போடுவது, விருந்துக்குப் போன வீட்டில் நாமே சட்டிக்குள் கை விடுவது மாதிரி. அப்படிச் செய்த ஓடக்காரனை அவன் பேரன் காலம் வரைக்கும் கேலி செய்வார்கள்.

“உங்க கை, ஆறுன்னு ரெண்டு பேரைப் பத்திக் கேக்கறீங்க. ஒரே ஒரு சேதி கொண்டாந்திருக்கீங்க. அதை வெச்சு நான் யாரைக் கண்டுபிடிக்க?”

“அதுக்கு?”

“இறங்கும்போதும் துடுப்புப் போட்டு எண்ணிட்டு வாங்க.”

மாதையன் தலையைச் சொறிந்தார். அப்புறம் எழுந்து போனார்.

மறுநாள் வெயில் ஏறும்போது திரும்பி வந்தார்.

“இருவத்திநாலு கல்லு தாயி.”

கரையம்மா அவரைச் சுற்றி வந்து முதுகைப் பார்த்தார். தொட்டும் பார்த்தார்.

“இது ஏறினவரு முதுகு இல்லியே.”

“ஏன் தாயி?”

“நேத்து முதுகெல்லாம் வேர்வை. இன்னிக்குக் காஞ்சு கெடக்கு. ஏறினவரு ஒருத்தர், இறங்கினவரு இன்னொருத்தர். ரெண்டு பேரைச் சேர்த்து வெச்சு நான் என்ன பண்ண?”

மாதையன் மாட்டிக்கொண்டார். துறையில் நாலு பெண்கள் துவைத்துக்கொண்டிருந்தார்கள். அவர்கள் பார்வைக்குப் படாமல் துடுப்பைத் தண்ணீரில் சும்மா அளைந்துகொண்டே வந்திருந்தார்.

“வெக்கமா இருந்துச்சு தாயி.”

“இருக்கும்ணா.”

அவ்வளவுதான் சொன்னார். உள்ளே போய் அடுப்பைப் பார்க்க ஆரம்பித்துவிட்டார்.

மூன்றாம் நாள் மாதையன் பல்லைக் கடித்துக்கொண்டு இறங்கினார். எதிர்நீரில் ஏறும்போது எப்படித் துடுப்பை இழுப்பாரோ, ஒரு இழுப்புக் குறையாமல் அப்படியே இழுத்தார். துவைத்துக்கொண்டிருந்த பெண்கள் துணியை விட்டுவிட்டு எழுந்து நின்றார்கள். “மாமனுக்கு யாரோ பொண்ணு பாத்திருக்காங்க போல, அவசரத்தப் பாரு” என்று ஒருத்தி சொன்னாள். கரை முழுக்கச் சிரிப்பு. மாடு மேய்த்தவர்களும் சேர்ந்து சிரித்தார்கள். மாதையனுக்குக் காது மடலெல்லாம் எரிந்தது. ஆனாலும் வாய் எண்ணிக்கொண்டே வந்தது.

வேர்வை சொட்டச் சொட்ட வந்து குடிசை முன் நின்றார்.

“முப்பது.”

கரையம்மா முறத்திலிருந்த கீரையை எடுத்து வைத்துவிட்டு, காலி முறத்தை அவர் முன் தள்ளினார்.

“கூழாங்கல்லு பொறுக்கிட்டு வாங்க. ஏறினதுக்கு எட்டு. இறங்கினதுக்கு முப்பது.”

மாதையன் பொறுக்கிக்கொண்டு வந்தார். இரண்டு குவியலாகப் பிரித்து வைத்தார். கரையம்மா உள்ளங்கையால் இரண்டையும் ஒன்றாகக் கலந்துவிட்டார்.

“என்ன தாயி, கலந்துட்டீங்களே.”

“இதுல ஆறு எங்கே இருக்கு?”

மாதையன் முறத்தைப் பார்த்தார். ஆறு எங்கே இருக்கும்? ஏறும்போது ஆறு அவரிடமிருந்து பிடுங்கிக்கொண்டது. எத்தனை கல் என்று தெரியாது. இறங்கும்போது அதே ஆறு அவருக்குக் கூடக் கொடுத்தது. அதுவும் எத்தனை கல் என்று தெரியாது. ஆனால் அதே இடம், அதே தண்ணீர். பிடுங்கியதும் கொடுத்ததும் ஒரே அளவாகத்தானே இருக்க வேண்டும்.

தலையை நிமிர்த்தினார்.

“ஆறு இதுல இல்ல தாயி. வாங்குனத அதுவே திருப்பிக் கொடுத்துருச்சு.”

“அப்ப யாரு இருக்கா?”

“நான்தான்.”

தானே திருத்திக்கொண்டார்.

“ரெண்டு தடவை நான்.”

மாதையன் முப்பத்தெட்டுக் கற்களையும் இரண்டு சமபாகமாகப் பிரித்தார். இந்தக் குவியலுக்கு ஒன்று, அந்தக் குவியலுக்கு ஒன்று.

“பத்தொம்பது.”

ஆறு இல்லாத இடத்தில் தன் கை எவ்வளவு என்று அந்த ஆற்றில் எந்த ஓடக்காரனும் அதுவரைக்கும் தெரிந்துகொண்டதில்லை. மாதையன் தன் இரண்டு கையையும் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டார்.

அப்புறம் முகம் வாடிவிட்டது.

“இப்ப பத்தொம்பது. சரி. முன்னால எவ்வளவு இருந்துச்சோ. அப்ப ஏறினது பதினாலு, அது ஊருக்கே தெரியும். இறங்கினது யாருக்குத் தெரியும்?”

“நெசமாவே ஒருக்காகூட இறங்கும்போது போட்டதில்லியா?”

“இல்ல.”

கரையம்மா அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். மாதையன் வேட்டி நுனியை முறுக்கினார். காக்கை ஒன்று வந்து கீரைத்தண்டைக் கொத்திப் பார்த்துவிட்டுப் போனது.

“ஒரே ஒருக்கா” என்றார் மாதையன்.

“ம்.”

“இருவத்தியேழு வருசம் ஆச்சு. இதே தை மாசம், இதே மாதிரி தெளிஞ்ச தண்ணி. நான் மேல்துறையில இருந்தேன். அப்பல்லாம் மருத்துவச்சி நம்ம ஊர்லதான் இருந்தா. ‘உன் பொண்டாட்டிக்கு முடியல, பிள்ளை குறுக்க நிக்குது’ன்னு ஆள் வந்து சொன்னான். ஓடத்துல யாரும் இல்ல. கரையிலயும் யாரும் இல்ல, அறுப்புக்குப் போயிட்டாங்க. போட்டேன் தாயி. கண்ணு மண்ணு தெரியாம போட்டேன்.”

“எண்ணினீங்களா?”

“நான் எங்கே எண்ணினேன். கிண்ணத்தைப் போடறது கைப்பழக்கம், எண்ணறது வாய்ப்பழக்கம். அழுதுகிட்டே வந்தேன். வாய் பாட்டுக்கு எண்ணிக்கிட்டே வந்துச்சு. இருவத்தாறு.”

அந்த எண்ணை அவர் யாரிடமும் சொன்னதில்லை. மனைவியிடம்கூட. ஊர் சிரிக்கும் என்று பயந்துதான் சொல்லவில்லை. அந்தப் பிள்ளை பிழைத்து வளர்ந்து, இப்போது செங்கல் சூளையில் மேஸ்திரியாக இருக்கிறான்.

“எண்ணிப் போடுங்க” என்றார் கரையம்மா.

பதினாலு. இருபத்தாறு. இந்தத் தடவை மாதையனே கலந்தார். மொத்தம் நாற்பது. பிரித்தார்.

இருபது.

பக்கத்தில் பத்தொன்பது.

மாதையன் மறுபடியும் எண்ணினார். மூன்றாவது தடவையும் எண்ணினார். கூடுதலாக இருந்த அந்த ஒரே கல்லை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டார்.

“இருவத்தியேழு வருசத்துக்கு ஒரே ஒரு கல்லுதானா தாயி?”

அவருக்கு அழுகை வந்துவிட்டது. சந்தோஷ அழுகைதான். மூக்கைத் துண்டில் துடைத்துக்கொண்டு, வெட்கமே இல்லாமல் அழுதார். ஒரு மாதமாக நெஞ்சில் ஏறி உட்கார்ந்திருந்த பாரம் இறங்கியது. கரையம்மாவுக்கும் கண் கலங்கியது. அவர் அதை மறைக்கவும் இல்லை.

அழுது முடித்ததும் மாதையன் கிளம்பப் பார்த்தார்.

“உக்காருங்க. வேலை பாதிதான் ஆயிருக்கு.”

“இன்னும் என்ன தாயி?”

“ரெண்டு பேரைப் பத்திக் கேட்டீங்க. இப்ப உங்களை எடுத்துடுங்க.”

“எங்கேருந்து?”

“முறத்துலேருந்து.”

இதற்குக் கொஞ்சம் அதிக நேரம் பிடித்தது. தன்னை எப்படி எடுப்பது என்று மாதையனுக்குப் புரியவில்லை. முப்பதை ஒரு பக்கமும் எட்டை ஒரு பக்கமும் வைத்துக்கொண்டு வெறித்துப் பார்த்தார். இரண்டிலும் அவர் இருந்தார். இரண்டிலும் ஒரே அளவு இருந்தார். ஒரே முதுகு, ஒரே வேர்வை.

சட்டென்று முப்பதிலிருந்து எட்டுக் கல்லை எடுத்துத் தரையில் போட்டார்.

“இப்ப நான் இல்ல. ஆறு மட்டும் நிக்குது. அதுவும் ரெண்டு தடவை நிக்குது, பிடுங்கினது ஒருக்கா, கொடுத்தது ஒருக்கா.”

மிச்சம் இருபத்திரண்டு. பாதி பதினொன்று.

பழைய கணக்குக்கும் அப்படியே செய்தார். இருபத்தாறிலிருந்து பதினாலு போக, பன்னிரண்டு. பாதி ஆறு கல்.

அன்றைக்கு ஆற்றுக்கு ஆறு கல் வேகம். இன்றைக்குப் பதினொரு கல்.

“அஞ்சு கல்லு ஏறியிருக்கு” என்றார் மாதையன். “கையில போனது ஒண்ணு. ஆத்துல ஏறினது அஞ்சு. மொத்தம் ஆறு கல்லு. பதினாலு எட்டாயிருச்சு.”

சொல்லிக்கொண்டே எதிர்க்கரையைப் பார்த்தார். பார்த்த பார்வை அங்கேயே நின்றுவிட்டது.

எதிர்க்கரையில் நாட்டாண்மை சென்னியப்பனின் வாழைத்தோட்டம் பச்சைப்பசேல் என்று நின்றது. மூன்று வருஷத்துக்கு முன்னால் அந்த இடத்தில் தோட்டம் இல்லை. ஆற்றிலிருந்து ஒரு கிளை அந்தப் பக்கமாகப் பிரிந்து போய்க்கொண்டிருந்தது. அதன் வாயைக் கல்லும் மண்ணும் போட்டு அடைத்து, வறண்ட நிலத்தில் வாழை வைத்தார் நாட்டாண்மை. அதுவரை இரண்டு வழியில் போன தண்ணீர், அன்றிலிருந்து ஒரே வழியில் முட்டி மோதிக்கொண்டு போகிறது. அந்த அணைக்குக் கல் சுமந்ததே மாதையனின் ஓடம்தான்.

“அடப்பாவி” என்றார் மாதையன். நாட்டாண்மையைச் சொன்னாரா, தன்னைச் சொல்லிக்கொண்டாரா என்று தெரியவில்லை.

ஐந்து கூழாங்கற்களை எடுத்து மடியில் முடிந்துகொண்டார். நாளை மறுநாள் பௌர்ணமி. சபையில் வைத்துக் கேட்டுவிட வேண்டியதுதான்.

படி இறங்கியவரைக் கரையம்மா கூப்பிட்டார். முறத்திலிருந்து இன்னொரு கல்லை எடுத்து அவர் உள்ளங்கையில் வைத்தார். கிழவர் கையை விரித்துப் பார்த்தார்.

“இது என்னோட கல்லாச்சே தாயி. இதை எதுக்கு அங்கே கொண்டுபோக?”

கரையம்மா கீரையைக் கழுவப் போய்விட்டார்.

பௌர்ணமியன்று காலையில் துறை மருதமரத்தடியில் ஊர் கூடியது. சிரிக்கலாம் என்று வந்தவர்களும் இருந்தார்கள். முந்தாநாள் மாதையன் இறங்குநீரில் துடுப்புப் போட்ட கதை அதற்குள் நாலு ஊர் போய்த் திரும்பியிருந்தது. பாவாயி கைப்பிள்ளையோடு ஓரமாக உட்கார்ந்திருந்தாள்.

மாதையன் வந்தார். துடுப்பைச் சபை நடுவில் வைத்தார். நாட்டாண்மை தொண்டையைக் கனைத்தார்.

“முப்பது வருசத்துக்கு மேல ஊருக்கு உழைச்சவரு. வயசு யாரை விட்டுது. எல்லாருக்கும் வரதுதான்.”

“கொஞ்சம் பொறுங்க சாமி. பதினாலு எட்டானதுல ஆறு கல்லு போச்சு. அது எங்கே போச்சுன்னு சொல்லிடறேன்.”

மடியை அவிழ்த்தார். கை அங்கேயே கொஞ்ச நேரம் நின்றது. வழி முழுக்க யோசித்துக்கொண்டுதான் வந்திருந்தார். அந்த ஒன்றை ஆற்றில் எறிந்துவிட்டு வந்திருக்கலாம். யாருக்குத் தெரியப் போகிறது?

முதலில் அந்த ஒற்றைக் கல்லைத் துடுப்புக்கு இந்தப் பக்கம், தன் காலடியில் வைத்தார்.

“இது என் வயசு.”

அப்புறம் ஐந்தையும் அந்தப் பக்கம், நாட்டாண்மையின் காலடியில் வரிசையாக வைத்தார்.

“இது நாம அடைச்ச கிளைவாய். கல்லு போட்டது உங்க ஆளுங்க, சுமந்தது என் ஓடம்.”

ஏறினது, இறங்கினது, கலந்தது, பிரித்தது எல்லாவற்றையும் சொன்னார். சிரிக்க வந்தவர்கள் விரலை மடக்கி மடக்கிக் கணக்குப் பார்த்தார்கள். மனைவிக்காக அழுதுகொண்டு இறங்கிய கதையை அவர் சொன்னபோது, துறையில் கேலி செய்த அந்தப் பெண் தலையைக் குனிந்துகொண்டாள்.

நாட்டாண்மை திரும்பிப் பார்த்தார். எதிர்க்கரையில் வாழை குலை தள்ளி நின்றது. இந்த வருஷம் நல்ல காய்ப்பு. இந்த மனுஷன் இப்போது துடுப்பைக் காலால் தள்ளிவிட்டால், தன்னால் ஒன்றும் செய்ய முடியாது என்று மாதையனுக்குத் தெரியும்.

நாட்டாண்மை குனிந்தார். தன் காலடியில் இருந்த ஐந்தைத் தொடவில்லை. மாதையன் பக்கம் இருந்த ஒன்றை எடுத்தார்.

“இதை ஏன்யா வெச்சே? நீயா சொல்லாட்டி யாருக்கும் தெரியாது. ஆறு கல்லையும் என் தலையிலயே போட்டிருந்தா, நான் என்ன எண்ணியா பாக்கப் போறேன்?”

“அதை எடுத்து வெக்காம அஞ்சு வராதுங்க சாமி” என்றார் மாதையன்.

நாட்டாண்மை அந்தக் கல்லை விரல்களுக்கு நடுவில் உருட்டிக்கொண்டே நின்றார். அப்புறம் துடுப்பை எடுத்து மாதையன் கையில் கொடுத்துவிட்டு, கூட்டத்தைப் பார்த்து யார் வீட்டில் கடப்பாரை இருக்கிறது என்று கேட்டார்.